ஏரிக்கரையில் ஒரு விவாகரத்து

உலகம் என்பது அவருக்கு ஊர் வைத்த பட்டப்பெயர். வெளிநாட்டுப் படங்களை வாங்கி வெளியிடுவது தொழில். அதுவும் எப்படிப்பட்ட படங்கள்! ஒன்றில் கதாநாயகன் கதவைத் திறக்கப் போனான், இடைவேளை விட்டார்கள், திரும்பி வந்து பார்த்தால் கை இன்னும் கைப்பிடியிலேயே இருந்தது. அவர் படம் ஓடும் ஹாலில் தலைகளைவிட மின்விசிறிகள் அதிகம். உலகம் அசரவில்லை. புரியாவிட்டால் நல்ல படம் என்பது அவர் கொள்கை.

தியேட்டர் மைத்துனருடையது. அக்கா முகத்துக்காக இத்தனை வருஷம் பொறுத்தவர், ஒருநாள் வாயைத் திறந்துவிட்டார்.

"மாமா, இந்த வாரமும் ஆள் வரலைன்னா சின்ன ஹாலை மெத்தைக் கடைக்கு விட்டுடுவேன். உங்க படத்துக்கு வர்றவங்களும் தூங்கத்தானே வர்றாங்க."

வேறெந்தத் தியேட்டரும் உலகத்தைப் படியேற விடாது. ஹால் போனால் தொழில் போச்சு. அந்தப் பதற்றத்திலேயே புதுப் படத்தைக் கணினியில் ஏற்றினார். ஏரிக்கரையில் இரண்டு கிழவர்கள் மீனுக்குக் காத்திருக்கும் படம். திரையின் அடியில் ஓடும் தமிழ் வசனத்தை எப்போதும் மனைவிதான் எழுதுவாள். அதே வாரம் இன்னொரு படத்துக்கும் எழுதி வைத்திருந்தாள். அது விவாகரத்து கேட்டுக் கோர்ட்டில் குடுமிப்பிடிச் சண்டை போடும் தம்பதியின் கதை. உலகம் கைதவறி அதன் வசனத்தைத் தூக்கிக் கிழவர்களுக்கு அடியில் போட்டுவிட்டார். போட்டதோடு சரி, பார்க்கவில்லை. தன் படங்களை உட்கார்ந்து பார்க்கும் தெம்பு அவருக்கே கிடையாது.

முதல் காட்சியின் சிரிப்பில் எதிர்க்கடைக் கண்ணாடி அதிர்ந்தது. மறுநாள் ஜனம் மாமியாரையும் மச்சினிகளையும் கூட்டிக்கொண்டு வந்தது. கிழவர் தூண்டிலையே வெறித்துக்கொண்டிருக்க, அடியில், "உங்கம்மா வீட்டுக்குள்ள வந்த அன்னிக்கே என் நிம்மதி வெளிய போச்சு" என்று ஓடியது. வாய் அசையாதபோதும் வசனம் வந்ததே? மனசுக்குள் பேசுகிறார் என்று எடுத்துக்கொண்டார்கள்.

போய்ப் பார்த்த மனைவி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வந்தாள். "ஏங்க, வசனம் என்னுதுதான். படம்தான் வேற."

மாற்றினால் மெத்தைக் கடை. மாற்றாமலே விட்டுவிடலாம் என்று அவர் துணிந்த நேரத்தில், ஹால் நிறைவதைக் கேள்விப்பட்ட, கிழவர் படத்தின் இயக்குநரே நேரில் வருவதாகச் சேதி வந்தது. உலகம் முகத்தைத் துடைத்துக்கொண்டே மனைவியிடம் ஓடினார்.

"அவருக்குத் தமிழ் தெரியுமா?" என்றாள் மனைவி.

"தெரியாது."

"அப்புறம் உங்களுக்கு ஏன் வேர்க்குது?"

இயக்குநர் நடு வரிசையில் உட்கார்ந்தார். கிழவர் ஒருவர் செத்துப்போகும் இடத்தில் ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. உலகம் குலதெய்வத்தை மட்டுமல்ல, பக்கத்து வீட்டுக்காரர் குலதெய்வத்தையும் வேண்டிக்கொண்டார். விளக்கு போட்டபோது இயக்குநரின் கண் கலங்கியிருந்தது. இருவருக்கும் பொதுவாக இருந்த ஓட்டை ஆங்கிலத்தில் அவர் சொன்னது இதுதான்: என் நாட்டில் எல்லாரும் அழுது தொலைத்தார்கள், இது சிரிப்புப் படம் என்று கண்டுபிடித்தவர்கள் நீங்கள்தான். அடுத்த படமும் உலகத்துக்கே என்று கையைக் குலுக்கிவிட்டுப் போனார்.

ஹால் தப்பியது. மைத்துனர் வாசலிலேயே மறித்துக்கொண்டு அடுத்த வாரத்துக்குப் படம் கேட்டார்.

"விவாகரத்துப் படம் இருக்கே," என்றாள் மனைவி. "அதுக்குக் கிழவங்க வசனத்தைப் போட்டுடலாம். புருஷன், 'ஏதாவது கடிச்சுதா?'ம்பான். பொண்டாட்டி, 'இன்னும் இல்ல'ம்பா. ரெண்டு மணி நேரமும் அதேதான்."

"யாருக்குடி புரியும்?"

"கல்யாணம் ஆனவங்க எல்லாருக்கும் புரியும்," என்றார் மைத்துனர்.