இரண்டு முறை குதித்தவன்

"முதல் திரையில என் பேர் வரணும் சார்" என்றேன்.

இதை மட்டும் வாயைத் திறந்து கேட்டுவிடாதே என்று பக்கத்து மேஜை தோ அக்கா நான் சேர்ந்த அன்றே சொல்லியிருந்தார். லீவு கேள், வேறு நாற்காலி கேள், பெயரைக் கேட்காதே. கேட்டவள் எவளும் இந்தப் புச்சன் நகர அலுவலகத்தில் ஒரு குளிர்காலத்தைத் தாண்டியதில்லையாம்.

டீம் லீடர் மேங் சிரித்தார். "கடைக்குட்டி, இங்க எல்லாமே டீம் செஞ்சதுதான்."

நிரலைத் திறந்ததும் வரும் முதல் திரையில் அவர் பெயர் மட்டும் இருந்தது. அதுதான் டீமாம்.

அந்த நிரலை நான் எழுதியது கல்லூரி விடுதியில், இங்கே சேர்வதற்கு இரண்டு வருடம் முன்பு. அம்மா மசான் மீன் சந்தையில் மீன் அறுப்பவர். எங்கள் குடும்பத்தில் முதல் பட்டதாரி நான். என்னிடம் இருந்தது கையில் பிடித்துக் கேம் ஆடும், பொத்தான் எழுத்தெல்லாம் தேய்ந்துபோன ஒரு பழைய கேம்பேடு. கம்ப்யூட்டர் கேம்களோ ஒரே ஒரு கம்பெனியின் பேடைத்தான் மதிக்கும். என் நிரல் நடுவில் உட்கார்ந்துகொண்டு, நீ கேட்ட பேடு இதுதான் என்று கேமிடம் கூசாமல் பொய் சொல்லும். எந்தக் குப்பைப் பேடிலும் விளையாடலாம். அதைப் பார்த்துத்தான் என்னை வேலைக்கு எடுத்தார்கள். இப்போது அது கம்பெனிக்கே சொந்தம் என்று ஒரு தாளில், கையெழுத்துக்குப் பதிலாக வைக்கும் என் பெயர் முத்திரையைக் கேட்கிறார்கள்.

பதினொரு மணிக்கு நிரலை வாங்குவதற்காக யோம் அம்மாள் வந்தார். பிள்ளைகள் மணிக்கணக்கில் கேம் ஆடும் பிசி பாங் கடைகள் நாற்பது வைத்திருப்பவர். மேங் தானே உட்கார்ந்து ஆடிக் காட்டினார். ஒரு முறை பொத்தானை அழுத்தினார். வீரன் இரண்டு முறை குதித்துப் பள்ளத்தில் விழுந்தான். பட்டியலில் ஒரு வரி இறங்கச் சொன்னால் இரண்டு வரி இறங்கியது.

பேடு மட்டமானது என்றார் மேங்.

"மட்டமான பேடுக்குத்தானய்யா உங்க சாமானே" என்றார் யோம் அம்மாள்.

எனக்குப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. நிஜப் பேடை கேமின் கண்ணில் படாமல் மறைக்க வேண்டும். மறைக்காவிட்டால் நிஜமும் பொய்யும் சேர்ந்தே தெரியும். ஒரு அழுத்தம் இரண்டாக விழும். விடுதியில் ஒரு மாதம் இதனால்தான் அழுதேன். எழுதியவள் இதை மறக்கவே மாட்டாள்.

தோ அக்கா காலால் என் காலை இடித்தார். போய்ச் சரிசெய்துவிட்டுப் பேசாமல் வா என்று அர்த்தம். போனேன். திரையில் நிஜப் பேடை மறைக்கும் சின்னக் கட்டத்தில் டிக் போட்டேன். வீரன் ஒரே முறை குதித்தான்.

இதைச் செய்தது யார் என்று யோம் அம்மாள் கேட்டார்.

"எங்க கடைக்குட்டி. நான் சொல்லிக்குடுத்து செஞ்சது" என்றார் மேங்.

"சொல்லிக்குடுத்தவருக்கு இந்தக் கட்டம் எங்க இருக்குன்னே தெரியலயே சார்" என்றேன் நான்.

உங்கள் வீட்டுச் சண்டையை அப்புறம் வைத்துக்கொள்ளுங்கள், எனக்கு வேலை நடந்தால் போதும் என்றார் யோம் அம்மாள். அவர் சொன்னதில் தப்பில்லை. மேங் குரலைத் தாழ்த்தி என்னிடம் சொன்னார்: "சேரிம், முதல்ல முத்திரையப் போடு. பேரு விஷயம் அடுத்த வருஷம் பேசிக்கலாம்."

"போட மாட்டேன் சார். அது என்னோடது. இன்னிக்கே என் பேர்ல இணையத்துல விடறேன், யாரு வேணா சும்மா எடுத்துக்கட்டும்."

அலுவலகத்துக்குள் மட்டும் போடும் செருப்பைக் கழற்றி மேஜைக்கடியில் தள்ளினேன். ஷூவை மாட்டிக்கொண்டு, லிஃப்டுக்காக நிற்காமல் படியிறங்கினேன்.