மாப்பிள்ளையின் பெட்டி

சியாமளா செத்துப்போன போனை இரண்டு விரலால் பிடித்து, மாப்பிள்ளை ஸ்ரீதரின் மேஜைமேல் வைத்தாள். கம்பெனி சர்வீஸ் சென்டரில் புது மென்பொருள் ஏற்றும்போது கரண்ட் போய்விட்டது. உள்ளே இருந்ததெல்லாம் போனதுதான், போர்டை மாற்றித் தருகிறோம் என்றார்கள். திருட்டு மென்பொருள்காரர்களிடம் கொடுத்தால் இருப்பதும் கருகிவிடும் என்றும் எச்சரித்தார்கள். அப்படி ஒருத்தன் டெல்லி துவாரகாவில் என் மகள் அகல்யாவின் சம்பளத்தில் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறான் என்று அவள் சொல்லவில்லை.

ஏர்போர்ட் வேலையை விட்டு ஒரு வருஷமாக ஸ்ரீதருக்கு இதுதான் பிழைப்பு. கரோல் பாக் கடைத்தெருவில் வாங்கிய, போனுக்கு மென்பொருள் ஏற்றும் பெட்டி, நாலு வயர், எங்கிருந்தோ இறக்கிய மென்பொருள். மத்தியானம் வரை பனியனோடு இருப்பான். டெல்லியில் பிறந்தவன், தமிழ் எழுத்துக்கூட்டக்கூடத் தெரியாது. அண்டர் செக்ரட்டரியாக இருந்த அவள் கணவர் வெங்கடராமன் எதைப் பார்த்து இவனுக்குப் பெண்ணைக் கொடுத்தார் என்று அவளுக்கு இன்றுவரை விளங்கவில்லை.

அந்த வெங்கடராமன் இப்போது போனுக்குள் மட்டும்தான் இருந்தார். தொண்டையில் ஆபரேஷன் ஆனபின், சாகும்வரை அவர் அவளோடு பேசியதெல்லாம் எஸ்எம்எஸ்ஸில்தான்.

"எடுக்கலாம் அத்தை. லேகின், தப்பாச்சுன்னா போன் மொத்தமா போயிடும். அப்புறம் கம்பெனிக்காரனும் தொடமாட்டான். செய்யவா?"

"செய்யுங்க மாப்பிள்ளை. இனிமே போறதுக்கு என்ன இருக்கு?" மரியாதை வார்த்தையில் மட்டும்தான் இருந்தது.

அவன் பின்மூடியைக் கழற்றி வயர்களைப் பொருத்தினான். முதல் தடவை பாதியில் நின்றது. திட்டுவதற்கு அவள் நல்ல வாக்கியம் ஒன்றைத் தயாராக வைத்திருந்தாள். அடுத்த தடவை உள்ளே இருந்ததெல்லாம் கம்ப்யூட்டரில் இறங்கியது. அதன் பிறகே புது மென்பொருளை ஏற்றினான். திரை வெளிச்சமானது. சிம்மைப் போட்டு அவள் கையில் கொடுத்துவிட்டு, கம்ப்யூட்டரில் செய்திகளைத் திறந்தான். தண்ணி. நர்ஸைக் கூப்பிடு. நீ சாப்டியா. சியாமளா தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

எல்லாம் வந்திருக்கிறதா என்று அவன் இன்னும் கீழே போனான். அவர் அனுப்பியவை முடிந்து அவள் அனுப்பியவை தொடங்கின. ஆபீசில் இருக்கும் அகல்யாவுக்குத் தினமும் அவனைப் பற்றி அனுப்பியவை. எல்லாம் தமிழ்தான், ஆனால் ஆங்கில எழுத்தில். அதை அவனால் படிக்க முடியும். அவன் அவசரமில்லாமல் கடைசிவரை படித்தான்.

"எதுவும் போகலே அத்தை. மாமா எழுதினதும் இருக்கு, நீங்க எழுதினதும் இருக்கு." நாற்காலியை அவள் பக்கம் திருப்பினான். "ஒரு வார்த்தைதான் புரியலே. தண்டச்சோறுன்னா என்ன?"

அவன் முகத்தில் எதுவும் தெரியவில்லை. வயரை விரலில் சுற்றியபடி பதிலுக்காகக் காத்திருந்தான். அவள் கையிலிருந்த போனில் சிக்னல் ஒவ்வொரு கோடாக ஏறிக்கொண்டிருந்தது.