டி.வி.க்குள்ளிருந்து கேட்டவர்

1996 உள்ளாட்சித் தேர்தல் முடிந்த வாரத்தில், லண்டன் தொலைக்காட்சியின் அரசியல் விமர்சகர் ஹியூ பார்லோ, கோட்டையூருக்கு அப்பால் இருக்கும் வேலங்குளம் ஊராட்சியைப் பற்றித் தமிழில் பேச ஆரம்பித்தார். அந்த வாரம் காரைக்குடிச் சந்தையில் தக்காளி மலிவு. பார்லோ பெரிய ஆள். மந்திரிகளிடம் ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்டு வியர்க்க வைப்பதுதான் அவர் தொழில். 1992 பிரிட்டிஷ் தேர்தலில் தோற்றே தீரும் என்று அவர் அடித்துச் சொன்ன கட்சி ஜெயித்துவிட, கம்பெனி அவரை வெளிநாட்டு ஒளிபரப்புக்குத் தள்ளியது. ஒருத்தன் உருப்படாமல் போனால் கிழக்கே அனுப்பிவிடுவது அந்த நாட்டு வழக்கம். அப்படி டிஷ்ஷில் விழுந்து, கேபிளில் ஊர்ந்து, ஆன் மேரி வீட்டு டி.வி.க்கு வந்து சேர்ந்தார்.

ஆன் மேரிதான் வேலங்குளத்தின் புதுத் தலைவர். பெண்களுக்கு ஒதுக்கிய பதவி. போஸ்டரில் கைகூப்பி நின்றது அவர் கணவன் ஃபெலிக்ஸ். ஓரத்தில் தபால்தலை அளவில் இவர். ஜெயித்ததும் மாலை ஃபெலிக்ஸுக்கு விழுந்தது. தலைவர் நாற்காலியை வீட்டுக்கே தூக்கிவந்து டி.வி.க்கு எதிரே போட்டு உட்கார்ந்துகொண்டான். கூட்டத்துக்கு வந்தவர்களுக்கு ஆன் மேரி டீ கொடுத்தார். ஊர் இதில் எந்த அதிசயத்தையும் காணவில்லை. வெள்ளைக்காரர் தமிழ் பேசியதைத்தான் அதிசயம் என்றார்கள், அதுவும் ஒரு வாரத்துக்கு.

குடிதண்ணீர் மோட்டார் இதோ வருகிறது என்று ஃபெலிக்ஸ் அளந்துகொண்டிருக்கும்போது பார்லோ டையைச் சரிசெய்தபடி குறுக்கிட்டார்.

"தலைவர் யாருங்க?"

"நான் தலைவரோட வீட்டுக்காரன்."

"அதக் கேக்கல. தலைவர் யாரு?"

"அவளுக்கு ஒண்ணும் தெரியாதுங்க."

"கேட்டதுக்குப் பதில் சொல்ல மாட்டேங்கிறீக."

ஃபெலிக்ஸ் சேனலை மாற்றினான். அங்கே கோழிக்கறி வதக்கும் அம்மாளுக்குப் பக்கத்தில் நின்று பார்லோ அதையே கேட்டார். பிளக்கைப் பிடுங்கினான். கரண்ட் இல்லாமலும் பேசினார், குரல் மட்டும் கொஞ்சம் இறங்கியது. இப்படியே தை பிறந்தது. லண்டன் மேலதிகாரிகளுக்கு ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை. முன்னைவிடத் தெளிவாகப் பேசுகிறார் என்று சம்பளத்தைக் கூட்டினார்கள்.

பொங்கல் கழிந்த கூட்டத்தில் வார்டு மெம்பர் சேவுகன், "ஏம்ப்பா, அந்த மனுசனுக்குத் தொண்ட கட்டுறதுக்குள்ள ஒரு பதிலச் சொல்லித் தொலையேன்" என்றார். அப்போது டீயோடு வந்த ஆன் மேரி, "இதப் பிடிங்க" என்று தட்டை ஃபெலிக்ஸிடம் நீட்டினார். ஆறு டம்ளர் தளும்பும் தட்டை உட்கார்ந்துகொண்டு யாருக்கும் கொடுக்க முடியாது. எழுந்தான். அவர் உட்கார்ந்தார்.

"நாந்தான் தலைவர்."

யாரும் கைதட்டவில்லை. பார்லோ வாழ்த்தவும் இல்லை. "மோட்டார் எப்ப வருது?" என்று அவரையும் பிடித்துக்கொண்டார். ஃபெலிக்ஸ் தட்டோடு நின்று சிரித்தான்.

"தெரியலீங்க" என்றார் ஆன் மேரி.

பதவியில் இருப்பவர் எவரும் பார்லோவிடம் அதுவரை சொல்லியிராத பதில் அது. அவர் அடுத்த கேள்வியைத் தேடிக் காகிதங்களைப் புரட்டினார்.

"நாளைக்குச் சிவகங்கை கலெக்டர் ஆபீசுக்குப் போயிக் கேட்டுட்டு வாரேன். இருப்பீகல்ல?"

"இருக்கேன்" என்றார் பார்லோ.

மறுநாள் ஆன் மேரி பஸ் ஏறிப் போய்த் திரும்பும்வரை அந்தச் சேனலில் விளம்பரம்கூட ஓடவில்லை. கன்னத்தில் கைவைத்து வெள்ளைக்காரர் உட்கார்ந்திருந்தார். ஊர் தன் வேலையைப் பார்த்தது.