ஹெல்மெட்டைக் கழற்றாத காதலன்

பார்த்திபன் கும்மிடிப்பூண்டி இரும்பு ஆலையில் ஷிஃப்ட் பார்த்துக்கொண்டே சொந்தமாக ஒரு காதல் படம் எடுத்துவந்தான். தயாரிப்பாளர், இயக்குநர், கேமராமேன், டீ வாங்கி வருபவர் எல்லாம் அவனேதான். பாக்கி ஒரே காட்சி: ரயில் நிலையத்தில் நாயகன் காதலைச் சொல்ல வேண்டும். அன்றைக்கு விட்டால் படம் அம்போதான். நாயகி ஜெனிபருக்கு அடுத்த வாரம் கல்யாணம், மாப்பிள்ளை ஊர் நெல்லூர்.

நாயகன் வரதன் அதே ஆலையில் வெல்டர். படம் முழுக்க நெற்றியில் விழும் முடியை ஊதி ஊதியே காதலித்தவன். பிளாட்பாரத்துக்கு வந்து தொப்பியைக் கழற்றினான். மொட்டைத் தலையில் சந்தனம்!

பார்த்திபன் கத்தினான். "டேய், முடி எங்கடா?"

"பெரியபாளையத்து ஆத்தாவுக்குக் குடுத்துட்டேண்ணா. படம் நல்லபடியா முடிஞ்சா மொட்டை போடறேன்னு வேண்டிக்கினு இருந்தேன்."

"இன்னும் முடியலையேடா!"

"ஆடி மாசம், ஊட்ல எல்லாரும் போனாங்கோ. அதான் அட்வான்ஸா குடுத்துட்டேன். ஆத்தா பாத்துக்குவா."

ஆத்தா பார்த்துக்கொண்டுதான் இருந்திருப்பாள், வாயைப் பொத்திக்கொண்டு.

"இன்னாண்ணா பேஜாரு. இவனைப் பாத்தா சிரிப்புதான் வருது" என்றாள் ஜெனிபர்.

பார்த்திபன் பையிலிருந்த தன் மஞ்சள் ஹெல்மெட்டை வரதன் தலையில் கவிழ்த்துப் பட்டையை இறுக்கினான். "கழட்டுன, கொன்னுடுவேன்."

கேமரா ஓடியது. வரதன் காதலைச் சொன்னான். ஜெனிபரோ வசனத்தை மறந்து, "ஸ்டேஷன்ல எதுக்கு ஹெல்மெட்டு?" என்று கேட்டுத் தொலைத்தாள். பின்னால் ரயில் வந்துகொண்டிருந்தது. இன்னொரு டேக்குக்கு வழியில்லை.

வரதன் திருதிருவென விழித்தான். "உசுரோட ஊடு திரும்பணும்ல... உனக்காக."

ஜெனிபரின் கண் கலங்கியது. காதலா, அடக்கிய சிரிப்பா, ஆண்டவனுக்கே வெளிச்சம்.

படத்தை அனுப்பிய திரைப்பட விழாக்கள் எல்லாமே கையை விரித்தன. ஆனால் ஆலையின் சேஃப்டி ஆபீஸர் வீரராகவன் பார்த்துவிட்டுக் கர்சீப்பை எடுத்தார். "கடைசி வரைக்கும் கழட்டவே இல்ல பாரு! இன்னா மெசேஜுப்பா!"

"சார், இது லவ் படம்."

"இருக்கட்டும்பா, நான் ஒண்ணும் சொல்லல."

புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்களுக்கு அதைப் போட்டுக் காட்டினார்கள். பார்த்திபன் அவமானத்தோடு கதவோரம் நின்றான். அந்த வசனம் வந்ததும் விசில் பறந்தது. முன்வரிசையில் ஒரு பெண் மட்டும் சத்தமில்லாமல் தன் ஹெல்மெட் பட்டையை இறுக்கிக்கொண்டாள். பார்த்திபனுக்கு, இதற்குத்தானே படம் எடுத்தோம் என்றுகூடத் தோன்றிவிட்டது.

"அடுத்தது கையுறைக்கு ஒரு லவ் ஸ்டோரி எடுப்பா" என்றார் வீரராகவன்.

பார்த்திபன் நேராக வரதனிடம் ஓடினான். "படம் முடியற வரைக்கும் எந்தச் சாமிகிட்டயும் பேச மாட்டேன்னு சத்தியம் பண்ணுடா!"