குணரத்தினத்தை எழுப்பிய மெஷின்கள்

குணரத்தினம் நித்திரைக்குப் போய் ஐந்து வருசம் கழிந்த பிறகு, அவரை எழுப்புவதற்காக அவருடைய மனைவி சுலோஜனா எஸ்பிரெசோ மெஷின் ஒன்று வாங்கப் புறப்பட்டாள். திருகோணமலைத் துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவர் அவர். உத்தியோகக் காலம் முழுக்க இரவு வேலைதான். பென்சன் எடுத்து வந்த அன்று மத்தியானம் சோறும் சூடைமீன் குழம்பும் சாப்பிட்டுவிட்டு, இத்தனை வருசமாக விட்ட நித்திரையை எல்லாம் இனி ஒரேயடியாகக் கொள்ளப் போகிறேன் என்று சொல்லிப் படுத்தார். சொன்னதைச் செய்கிற மனிதர் என்று அவருக்கு வீடு இருந்த சின்ன ஒழுங்கையில் பெயர் இருந்தது. ஊரடங்கு வந்து போனது, பெற்றோல் வரிசை வந்து போனது, தேங்காய் விலை ஏறி இறங்கி மறுபடி ஏறியது, ஒன்றும் அவருக்குத் தெரியாது. கஞ்சி ஊட்டினால் கண் திறக்காமலே விழுங்குவார், கைத்தாங்கலாகப் பிடித்தால் கண்ணை மூடியபடி குளிக்கப் போய் வருவார், சலூன்காரர் வீட்டுக்கு வந்து தலைமயிர் வெட்டினால் தலையை வேண்டிய பக்கம் திருப்பிக் கொடுப்பார். டொக்டர்மார் நெஞ்சில் குழாய் வைத்துப் பார்த்து, இது நல்ல நித்திரை, குழப்ப வேண்டாம் என்றார்கள். பெற்றோல் வரிசைக் காலத்தில் அவரைப் பார்த்துப் பொறாமைப்பட்டவர்களும் உண்டு.

சுலோஜனாவுக்குப் பொறாமை இல்லை, மனத்தாங்கல்தான். கல்யாணம் கட்டிய நாள் முதல் அவள் எழும்பும்போது அவர் வேலையால் வந்து படுப்பார், அவள் படுக்கும்போது அவர் வெளிக்கிட்டுப் போவார். எதைச் சொல்ல வாயெடுத்தாலும், பென்சன் வரட்டும், ஆறுதலாக இருந்து கதைப்பம் என்பார். அவள் அதை நம்பினாள். சொல்ல வேண்டிய கதைகளை, வராந்தாவில் போட ஒரு சோடிக் கதிரையைக்கூட, அந்த நாளுக்கென்று சேர்த்து வைத்திருந்தாள். பென்சன் வந்தது, கதைக்கத்தான் ஆள் இல்லை.

அவர் கோப்பிக்கு எழும்புவார் என்பது தற்செயலாகத் தெரிய வந்தது. மகள் லக்சாயினி நிலாவெளியில் ஒரு ஹோட்டலில் வரவேற்பில் இருந்தாள். ஒருநாள் அங்கே மிஞ்சிய எஸ்பிரெசோவைப் பிளாஸ்கில் ஊற்றிக்கொண்டு வந்து, தகப்பனின் கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று மூடியைத் திறந்தாள். குணரத்தினம் ஒரு கண்ணைத் திறந்து, "கப்பலைத் துறையில கட்டியாச்சோ?" என்று கேட்டுவிட்டுத் திரும்பவும் மூடிக்கொண்டார். வீட்டுக் கோப்பிக்கு அவர் ஒருநாளும் அசைந்ததில்லை. அடுத்தடுத்த நாட்களும் பிளாஸ்க் வந்தது, ஆனால் நிலாவெளி பஸ் உப்புவெளியைத் தாண்டுவதற்குள் கோப்பியின் வீரியம் போய்விடும். ஒரு கண்ணுக்கு மேல் அவர் திறக்கவில்லை.

அந்த வேளையில்தான் லக்சாயினிக்குக் கல்யாணம் பேசி முற்றாகியது. மாப்பிள்ளை துவாரகன், குச்சவெளிப் பெடியன், நல்ல குணம். தாரை வார்க்கிற நேரம் தாய் தண்ணீர் ஊற்ற, தகப்பன் மகளின் கையைப் பிடித்து மாப்பிள்ளையிடம் கொடுக்க வேண்டும். தகப்பன் படுத்த படுக்கையாக இருந்தால் சித்தப்பாவோ மாமாவோ செய்யலாம், பிழையில்லை என்று ஐயர் சொன்னார். லக்சாயினி கேட்கவில்லை. "அப்பா உயிரோட இருக்கேக்க வேற ஆரும் என்ர கையைப் பிடிக்க ஏலாது" என்றாள். அதனால் மெஷின் வாங்குவது என்று முடிவாகியது.

சந்தைக்குக் கிட்ட அப்ராஸ் என்றொருவர், கடற்கரை ஹோட்டல்களின் கோப்பி மெஷின்களைத் திருத்துவதும் பழசை வாங்கி விற்பதுமாக ஒரு கடை வைத்திருந்தார். கேள்வி கேட்டு முடிவதற்குள் மூன்று பதில் சொல்கிற ஆள். சுலோஜனா வந்த விசயத்தைச் சொன்னபோது அவர் புருவம் உயர்த்தவில்லை. வழமையான கேள்விகளைத்தான் கேட்டார். "ஒரு நாளைக்கு எத்தினை கப், அக்கா? பால் வேணுமோ, பிளேனோ? மினக்கெட நேரம் இருக்கோ? கைப்பக்குவம் எப்பிடி?" ஒரு கப், பிளேன், நேரம் நிறைய இருக்கு, கை கறிக்குத்தான் பழக்கம் என்று அவள் பதில் சொன்னாள். அப்ப மெஷினைப் பார்த்து எடுக்க ஏலாது, ஆளைப் பார்த்துத்தான் எடுக்க வேணும், கொண்டுபோய் எழுப்பிப் பாருங்கோ, சரிவராட்டி மாத்துவம் என்று சொல்லி அனுப்பினார்.

முதலில் வந்தது ஹோட்டல் மெஷின், இரண்டு கைபிடி வைத்தது, அலுமாரியைப் படுக்கப் போட்ட அளவு. லக்சாயினிக்கு அதில் வேலை செய்து பழக்கம் இருந்தபடியால் அவளே போட்டாள். ஒழுங்கை முழுக்கக் கரண்ட் போனது. குணரத்தினம் கட்டிலால் துள்ளி எழும்பி, சேர்ட்டை மாட்டிக்கொண்டு துறைமுகத்துக்கு நடந்து, வாசல் காவலாளியிடம் தன்னுடைய கிரேன் எங்கே என்று கேட்டார். கோப்பி மணம் எட்டிய வீடுகளில் எல்லாம் சனம் இரண்டு நாளாகக் கண் மூடவில்லை. பஸ் ஸ்ராண்டடியில் ஊர்மாடுகள் மாதிரி எந்நேரமும் படுத்துக் கிடக்கிற மான்கள் எழும்பி வந்து வீட்டுக் கேற்றடியில் நின்றன. அவரைத் திருப்பிக் கூட்டிவந்து படுக்க வைப்பதற்குள் எல்லோருக்கும் போதும் போதும் என்றாகிவிட்டது. வீட்டுக்கு இது மிச்சம் பெரிசு என்று அப்ராஸே ஒத்துக்கொண்டு திருப்பி எடுத்தார்.

இரண்டாவது, கப்சியூல் மெஷின். சின்னக் குப்பி ஒன்றைப் போட்டுப் பட்டனை அமத்தினால் சரி, குழந்தைப் பிள்ளையும் போடலாம். மணம் வந்ததும் குணரத்தினம் எழும்பிக் கட்டிலில் இருந்தார், கோப்பியைக் குடித்தார், புன்னகைத்தார், என்ன கேட்டாலும் ஆமென்று தலையாட்டி "ஓம்" என்றார். சின்னக் கோப்பை ஆறுகிற நேரத்தில் திரும்பப் படுத்தார். அடுத்த நாளும் அதே புன்னகை, அதே ஓம். கூடவும் இல்லை, குறையவும் இல்லை. சுலோஜனாவுக்கு என்னவோ மாதிரி இருந்தது. ஆனால் லக்சாயினி, மணவறையில் அப்பா சொல்ல வேண்டியது ஓம் மட்டும்தானே என்றாள். அதுவும் நியாயம்தான்.

கல்யாணம் ஒரு குறையும் இல்லாமல் நடந்தது. மணவறைக்குப் பின்னால் ஒரு முக்காலியில் மெஷினை வைத்து, மேளகாரரின் மைக் வயரில் கரண்ட் எடுத்தார்கள். ஐயர் கண்ணைக் காட்டியதும் லக்சாயினியின் தோழி பட்டனை அமத்தினாள். குணரத்தினம் பட்டு வேட்டியோடு எழும்பி, மகளின் கையைப் பிடித்து மாப்பிள்ளையின் கையில் வைத்தார், சுலோஜனா தண்ணீர் ஊற்றினாள். ஐயர் சம்மதமோ என்று கேட்க ஓம் என்றார். அட்சதை போட்டு முடியும்போது கதிரையிலேயே நித்திரையாகிவிட்டார். வந்த சனம் மாப்பிள்ளையின் உயரத்தையும் பாயாசத்தையும் பற்றிக் கதைத்துக்கொண்டு போனது.

கல்யாணத்துக்கு நாலாம் நாள், நாலாம் சடங்குக்குப் புதுச் சோடி வீட்டுக்கு வந்தது. சாப்பிட்டு முடிய லக்சாயினி ஆசையாகக் கோப்பி போட்டு, தகப்பனை எழுப்பி, துவாரகனைப் பக்கத்தில் இருத்தினாள். "அப்பா, இவர்தான் உங்கட மருமகன். பிடிச்சிருக்கோ?" என்று கேட்டாள். ஓம் என்றார். அவள் சிரித்துக்கொண்டு, பிடிக்கேல்லையோ என்று கேட்டாள். அதற்கும் ஓம் என்றார். அவளுடைய சிரிப்பு நின்றுவிட்டது. கிட்டக் குனிந்து, "அப்பா, நான் ஆர்?" என்று கேட்டாள்.

"ஓம்" என்றார் குணரத்தினம், அதே புன்னகையோடு.

லக்சாயினி குசினிக்குள் போய் நின்று அழுதாள். தன் கையைப் பிடித்துக் கொடுத்தது ஆர் என்று அவளுக்கு அப்போதுதான் கேள்வி வந்தது. சுலோஜனா அவளைத் தேற்றவில்லை, மெஷினின் வயரைக் கழற்றிப் பெட்டியில் போட்டுக் கட்டினாள். அடுத்த நாள் காலமையே அப்ராஸின் கடைக்குப் போனாள்.

"எனக்கு எழும்புற ஆள் வேண்டாம், தம்பி. அவர்தான் வேணும்" என்றாள்.

அப்ராஸ் ஒரு முக்காலியை இழுத்துப் போட்டு ஏறினார். பிறகு மேல் தட்டில் இருந்து ஒரு லீவர் மெஷினை இறக்கினார். பட்டன் ஒன்றும் இல்லை, தண்ணீரைக் கொதிக்க வைப்பதோடு அதன் வேலை முடிந்தது. மிச்சமெல்லாம் கைதான்: கொட்டையை அரைப்பதும், பொடியை அமத்துவதும், நெம்புகோலை இழுத்து விடுவதும். இது கை பார்க்கிற மெஷின் அக்கா, கெதியில வராது என்று சொல்லிக் கொடுத்தார்.

சுலோஜனா செய்த முதல் வேலை, வீட்டில் காலாகாலமாகச் செய்கிற மாதிரி, கோப்பிக்கொட்டையோடு மல்லியும் வேர்க்கொம்புச் சுக்கும் சேர்த்து வறுத்து அரைத்ததுதான். அவளுக்குத் தெரிந்த கோப்பி அது, சளிக்கும் தடிமனுக்கும் குடிக்கிறது. குணரத்தினம் தடிமன் பிடித்த குரலில் எழும்பி, போர்வையும் இரசமும் கேட்டு, பின்னேரம் வரைக்கும் இருமிக்கொண்டு கிடந்தார். மல்லியை விட்டாள். பருமனாக அரைத்த நாள் கோப்பி புளித்தது, அவர் எரிந்து விழுந்தபடி எழும்பினார். மா மாதிரி அரைத்த நாள் கைத்தது, அவர் செத்துப்போன தமையனை நினைத்து விம்மினார். பொடியை ஒரு பக்கமாக அமத்திய நாள் அவருடைய இடது பாதி மட்டும் எழும்பியது, வலது பாதி குறட்டை விட்டது. சுலோஜனா சளைக்கவில்லை. மழைக்காலம் வந்து போவதற்குள் அவளுடைய மணிக்கட்டு பழகிவிட்டது. ஒரு பின்னேரம் தேன் மாதிரி மெல்லிசாகக் கோப்பி இறங்கியது. குணரத்தினம் சோம்பல் முறித்து, சுற்றிப் பார்த்து, "நீ ஏனப்பா இப்பிடி மெலிஞ்சு போனாய்?" என்று கேட்டார். சுலோஜனாவுக்கு அழுகை வந்தது. நீங்கள் செய்த வேலையால்தான் என்றாள். வராந்தாவில் கதிரை இரண்டையும் போட்டுப் பொழுது படுமட்டும் கதைத்தார்கள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை குச்சவெளியால் மகளும் மருமகனும் வந்தார்கள். குணரத்தினம் துவாரகனை மேலும் கீழும் பார்த்தார். "லக்சா, ஆர் இந்தப் பெடியன்?" என்று கேட்டார். என்ர புருசன் என்று அவள் சொன்னதும் அவருடைய முகம் சிவந்தது. "என்னட்டக் கேளாமல் ஆர் கட்டி வைச்சது?"

"நீங்கள்தான் கையைப் பிடிச்சுக் குடுத்தனீங்கள்" என்றாள் சுலோஜனா. "ஐயர் கேக்க ஓம் எண்டும் சொன்னனீங்கள்."

அவர் கனநேரம் யோசித்தார். தான் சொன்ன சொல்லை மாற்றுகிற பழக்கம் அவருக்கு இல்லை. கடைசியில் மருமகனைப் பக்கத்தில் இருத்தி, என்ன வேலை, எத்தினை பேர் சகோதரங்கள், குடிக்கிறனீரோ என்று குறுக்கு விசாரணை தொடங்கினார். துவாரகனுக்கு வியர்த்தது. லக்சாயினி அழுவதும் சிரிப்பதுமாகக் கதவடியில் நின்றாள்.

இப்போது பின்னேரங்களில் அந்த ஒழுங்கையில் கோப்பி மணந்தால், குணரத்தினம் எழும்பிவிட்டார் என்று எல்லோருக்கும் தெரியும். அவரிடம் அலுவல் இருக்கிறவர்கள் அந்த நேரம் பார்த்து வந்து போகிறார்கள். சேர்த்து வைத்த கதைகள் எல்லாம் எப்போதோ முடிந்துவிட்டன. இரண்டு பேரும் தெருவைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கிற நாட்களும் உண்டு. அப்படிச் சில நாட்கள் தொடர்ந்து போனால், சுலோஜனா வேண்டுமென்றே கொட்டையைப் பருமனாக அரைக்கிறாள். கோப்பி புளிக்கிறது, அவர் சிடுசிடுத்துக்கொண்டு எழும்புகிறார், கறியின் உப்பில் குறை சொல்லத் தொடங்கி அவளுடைய தமையன்மாரில் வந்து நிற்கிறார். அவளும் விடுவதில்லை. விளக்கு வைக்கும் வரைக்கும் சண்டை பிடிக்கிறார்கள். பிறகு அவர் நித்திரையாகிறார், அவள் மெஷினைக் கழுவித் துடைத்து வைக்கிறாள்.