டேரனைப் பார்க்கப் போகும் கார்

வியாழக்கிழமை சாயங்காலம் என் அக்கா நார்மா வேலையிலிருந்து வந்து வீட்டு முன்னால் காரை நிறுத்தியபோது எழுந்த சத்தத்தில் எனக்குப் பல் கூசியது. இரும்பை இரும்பால் அரைக்கிற சத்தம். அக்கா வீட்டுக்காரர் ரஸ் கதவைத் திறந்துகொண்டு வந்து, பின்சக்கரத்துக்குப் பக்கத்தில் குனிந்து பார்த்தார்.

"எத்தனை நாளா இப்படி?"

"இன்னைக்குத்தான் இவ்வளவு மோசம். கொஞ்ச நாளா கீச்சு கீச்சுன்னு இருந்துச்சு."

"அப்பவே சொல்றதுக்கென்ன? பிரேக் பேட் சுத்தமா தேய்ஞ்சு போச்சு. இப்ப வெறும் தகடு சக்கரத்துப் பிரேக் தட்டைத் தின்னுக்கிட்டிருக்கு."

"சனிக்கிழமை நான் போகணும், ரஸ்."

"தெரியும்" என்று சொல்லிவிட்டு அவர் உள்ளே போய்விட்டார்.

எங்கே என்று அக்கா சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை. அந்த வீட்டில் சனிக்கிழமை என்றால் டேரன்தான். அவர்களுடைய ஒரே மகன். வேட்டை சீசன் தொடங்குவதற்கு முந்தின நாள், மழையில், நிறையக் குடித்துவிட்டு வண்டி ஓட்டி வந்தவன், தெருமுனை வளைவில் நடந்து வந்துகொண்டிருந்த ஒரு பெண்ணின் மேல் ஏற்றிவிட்டான். டீனா. பேக்கரியில் வேலை முடிந்து வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தவள் அங்கேயே செத்துப்போனாள். எதிர்வீட்டு வெர்னானின் மகள். டேரனும் அவளும் சின்ன வயதில் ஒரே மஞ்சள் பஸ்ஸில் பள்ளிக்கூடம் போனவர்கள்.

வழக்கு நடந்தபோது ரஸ்ஸைக் கூண்டில் ஏற்றிக் கேட்டார்கள். வீட்டைவிட்டுக் கிளம்பும்போதே உங்கள் மகன் குடித்திருந்தானா? ஆமாம் என்றார். பையனைப் பெற்ற மனுஷன் வாயாலேயே அது வந்துவிட்டது. உண்மையைச் சொன்னார் என்று வெர்னான் அவரை மன்னித்துவிடவில்லை, சொன்னாரே என்று டேரனும் மன்னிக்கவில்லை. தீர்ப்பு வந்த நாளிலிருந்து ரஸ் ஒருமுறைகூட மகனைப் பார்க்கப் போனதில்லை. போகச் சொல்லி அக்கா முதலில் அழுதாள், பிறகு சண்டை போட்டாள், பிறகு விட்டுவிட்டாள். அவர் செய்வதெல்லாம் அந்தக் காருக்குத்தான். அவள் கிளம்புவதற்கு முன்னால் ஆயில் பார்ப்பார், டயரில் காற்று அடிப்பார், கண்ணாடியைத் துடைப்பார். சிறை மலைக்கு அந்தப் பக்கம் இருந்தது. போகும்போது ஏற்றம், பிறகு நெடுக இறக்கம். பிரேக் இல்லாத காரில் அந்த இறக்கத்தில் யாரும் போக முடியாது.

அந்தச் சனிக்கிழமையை விட முடியாததற்கு இன்னொரு காரணமும் இருந்தது. அடுத்த வாரத்தில் டேரனை மாநிலத்தின் மறுகோடியில் இருக்கிற சிறைக்கு மாற்றப்போகிறார்கள் என்று அவனே போனில் சொல்லியிருந்தான். அங்கே போய்வர ஒரு பகல் பத்தாது. இனி எப்போது பார்ப்பது என்று அக்காவுக்கே தெரியாது. ஊரில் இருக்கும் ஒரே மெக்கானிக் புதன்கிழமைக்கு முன்னால் முடியாது என்றுவிட்டான். என் காரை என் மகன் வேலைக்கு எடுத்துக்கொண்டு போயிருந்தான். ரஸ் புதுப் பேட்களை வாங்கி வந்து, வழக்கம்போல வீட்டு வாசலிலேயே வேலையை ஆரம்பித்தார்.

நான் துணைக்குப் போவதாக இருந்ததால் சனிக்கிழமை காலையிலேயே வந்துவிட்டேன். ஏப்ரல் மாதம், புல்வெளி ஓரத்தில் அழுக்குப் பனி இன்னும் கரையாமல் கிடந்தது. ரஸ் முன்சக்கரங்களுக்குக் கட்டை வைத்து, நட்டுகளைத் தளர்த்தி, ஜாக்கி போட்டுக் காரின் பின்பக்கத்தைத் தூக்கினார். கீழே இரும்புத் தாங்கிகளைக் கொடுத்து, காரை ஒருமுறை ஆட்டிப் பார்த்துவிட்டுச் சக்கரத்தைக் கழற்றினார். குளிர்காலம் முழுக்க ரோட்டில் கொட்டுகிற உப்பு உள்ளே எல்லாவற்றையும் பழுப்பாக அரித்து வைத்திருந்தது. பேட்களைப் பிடித்திருக்கிற கேலிப்பரின் போல்ட் ஒன்று அசையவே இல்லை. எண்ணெய் அடித்து, காத்திருந்து, சுத்தியலால் தட்டி, ஸ்பேனரின் மேல் காலை வைத்து மிதித்தார். அது விட்டுக்கொடுத்தபோது வந்த சத்தத்தில் எலும்புதான் உடைந்ததோ என்று நினைத்தேன்.

"காபி வேணுமா?" என்று கேட்டேன்.

"இது முடியட்டும், பெவ்."

தேய்ந்த பேட்களை உருவித் தரையில் போட்டார். ஒன்றில் காகிதத் தடிமனுக்குக்கூட மிச்சமில்லை. புதுப் பேட்கள் தடிமனாக இருப்பதால், கேலிப்பருக்குள் இருக்கிற பிஸ்டன் முழுவதும் உள்ளே போனால்தான் அவை உட்காரும். முன்சக்கரம் என்றால் ஒரு கிளாம்ப் வைத்து நெருக்கினாலே போய்விடும். இந்தக் காரின் பின்சக்கரத்தில் அப்படி இல்லை. கை பிரேக்கும் அதற்குள்ளேயே இருப்பதால், அதை அழுத்திக்கொண்டே திருகினால்தான் இறங்கும். அதற்கென்று ஒரு கருவி உண்டு. ரஸ் குறடைப் பிடித்துத் திருகிப் பார்த்தார். குறடு வழுக்கி, விரல் முட்டி காருக்கு அடியில் இருந்த தகட்டில் மோதிக் கிழிந்தது. கையை உதறிவிட்டு மறுபடியும் திருகினார். மறுபடியும் வழுக்கியது.

அக்கா வாசலுக்கு வந்தாள். சிறைக்குப் போடுகிற சாம்பல் நிற ஸ்வெட்டரைப் போட்டிருந்தாள். அங்கே உலோகம் எதுவும் இருக்கக் கூடாது என்பதால் காதிலும் கழுத்திலும் ஒன்றும் இல்லை.

"இன்னும் எவ்வளவு நேரம்?"

ரஸ் குறடை மறுபடியும் பிஸ்டனில் வைத்தார்.

"மத்தியானத்துக்கு மேல போனா உள்ளயே விடமாட்டாங்க, ரஸ்."

"அது திரும்ப மாட்டேங்குது. அந்தத் திருகற கருவி வேணும்."

"அது உன்கிட்ட இருந்துச்சே?"

அவர் தலையைத் தூக்காமல் எதிர்வீட்டுப் பக்கம் கையைக் காட்டினார். அவரும் வெர்னானும் ஒரே ஆலையில் வேலை பார்த்தவர்கள். ஆலை மூடுகிறவரைக்கும் இரண்டு பேரும் சேர்ந்துதான் இரண்டு வீட்டுக் கார்களையும் பழுது பார்ப்பார்கள். அந்தக் கருவிப் பெட்டியும் இருவரும் கூட்டாக வாங்கியது. வெர்னானின் ஷெட் பெரியது என்பதால் அங்கேயே இருந்தது.

உதிரிபாகக் கடைக்கு நான் போன் செய்தேன். இரவல் தருகிற கருவியை யாரோ எடுத்துப்போயிருக்கிறார்கள், திங்கட்கிழமைதான் வரும் என்று கடைப் பெண் சொன்னாள். அக்கா என்னைப் பார்த்தாள். பிறகு கைப்பையை என் கையில் திணித்துவிட்டுத் தெருவைக் கடக்க ஆரம்பித்தாள்.

"நார்மா, வேண்டாம்" என்றார் ரஸ். "திரும்பி வா. நான் எப்படியாவது பண்ணிடறேன்."

அவள் திரும்பிப் பார்க்கவில்லை. நானும் பின்னாலேயே ஓடினேன்.

அக்கா கதவைத் தட்டுவதற்கு முன்னாலேயே வெர்னான் திறந்துவிட்டார். ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே இருந்திருக்க வேண்டும். சவரம் செய்யாத முகம். கையில் பாதி குடித்த காபி.

"பின் பிரேக்கா?" என்றார்.

"ஆமா, வெர்னான். பிஸ்டன் உள்ள போக மாட்டேங்குதாம். அந்தப் பெட்டி..."

"எங்க போறீங்க, மிஸஸ் ஹுடாக்?"

இருபது வருஷத்துக்கு மேல் நார்மா என்றே கூப்பிட்ட மனிதர். எங்கள் வீட்டு நன்றி சொல்லும் திருநாள் விருந்தில் வான்கோழியை அறுத்துப் பரிமாறியவர். அக்காவின் கழுத்து சிவந்துபோனதைப் பார்த்தேன். ஆஸ்பத்திரிக்கு, கடைக்கு, என் வீட்டுக்கு என்று எதை வேண்டுமானாலும் அவள் சொல்லியிருக்கலாம்.

"டேரனைப் பார்க்க" என்றாள்.

வெர்னான் காபிக் கோப்பையை ஜன்னல் விளிம்பில் வைத்தார். அவருக்குப் பின்னால், கூடத்துச் சுவரில், டீனா பள்ளி முடித்த அன்று எடுத்த படம் இருந்தது. நான் கண்ணைத் தாழ்த்திக்கொண்டேன்.

"அவன் எப்படி இருக்கான்?"

அக்காவால் நல்லா இருக்கான் என்றும் சொல்ல முடியாது, கஷ்டப்படறான் என்றும் சொல்ல முடியாது.

"இளைச்சுட்டான்" என்றாள் கடைசியில்.

அவர் தலையை ஆட்டிவிட்டு உள்ளே போனார். ஷெட்டில் எதையோ இழுக்கிற சத்தம், ஏதோ கீழே விழுகிற சத்தம், பிறகு நீண்ட நேரம் ஒன்றுமே இல்லை. வரமாட்டாரோ என்று நான் நினைக்கும்போது ஒரு சிவப்புத் தகரப் பெட்டியோடு வந்தார். அதை அக்காவின் கையில் வைத்தார். கனத்தில் அவள் கை தாழ்ந்தது.

"ரஸ் ஏன் வரலை? கேட்கறதுக்கு உங்களை அனுப்பறானா?"

"அவர் அனுப்பலை. நானாத்தான் வந்தேன். உங்க முகத்தைப் பார்க்க அவரால முடியலை, வெர்னான்."

"என் முகத்தையா? நான் தினமும் இந்த ஜன்னல்ல நின்னு அவன் முகத்தைத்தானே பார்த்துக்கிட்டிருக்கேன்? அவனுக்கு என்ன வந்துச்சு?"

"முடிஞ்சதும் நானே கொண்டாந்து கொடுத்துடறேன்."

"வேண்டாம்."

"இல்ல, இது உங்களோடதும்..."

"திருப்பிக் கொண்டு வராதீங்க, மிஸஸ் ஹுடாக். இதுக்காக மட்டுமில்ல, எதுக்காகவும் இந்த வாசலுக்கு வராதீங்க. உங்க மேல எனக்குக் கோபம் இல்ல. ஆனா நீங்க உங்க பிள்ளையைப் பார்க்க ரெடியாகி வந்து நிக்கறீங்க பாருங்க, அதை என்னால பார்க்க முடியலை."

கதவு மெதுவாகத்தான் சாத்தப்பட்டது. அறைந்து சாத்தியிருந்தால்கூடப் பரவாயில்லை என்று தோன்றியது.

தெருவைக் கடந்து வந்தபோது ரஸ் எழுந்து நின்றுகொண்டிருந்தார். அக்கா பெட்டியை அவர் காலடியில் வைத்தாள். "என்ன சொன்னான்?" என்று கேட்டார். "வேலையை முடி" என்றாள். அவர் பெட்டியைத் திறந்து, இரண்டு முள் உள்ள அந்தத் திருகு கருவியை எடுத்துப் பிஸ்டனில் பொருத்தித் திருக ஆரம்பித்தார். வெண்ணெயில் கத்தி இறங்குவதுபோல அது உள்ளே போனது. பள்ளம் விழுந்த பிரேக் தட்டைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்தார். "தட்டையும் மாத்தணும். இன்னைக்குத் தாங்கும்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். புதுப் பேட்களை உட்காரவைத்து, போல்ட்டை முடுக்கி, அடுத்த பக்கத்துக்குப் போனார். அதுவும் முடிந்து, சக்கரங்களை மாட்டிக் காரை இறக்கியதும், என்னை உள்ளே உட்காரவைத்து பிரேக்கை மிதிக்கச் சொன்னார். முதலில் மிதி தரை வரைக்கும் போனது. மிதிக்க மிதிக்கக் காலுக்குக் கீழே கெட்டியானது.

அக்கா ஓட்டுகிற பக்கம் ஏறினாள். ரஸ் கையில் ரத்தமும் கிரீசுமாக ஜன்னலோரம் நின்றார்.

"நீயும் வா" என்றாள் அவள். "உள்ள வர வேண்டாம். வெளிய கார்லயே உட்கார்ந்துக்கோ. நீ வந்திருக்கேன்னு நான் அவன்கிட்ட சொல்றேன். அவ்வளவுதான்."

ரஸ் கையைத் துடைத்துக்கொண்டே இருந்தார். "முதல் இறக்கத்துல அழுத்தி மிதிக்காத. புதுசு, பழகணும்" என்றார்.

அக்கா கண்ணாடியை ஏற்றிவிட்டாள்.

மலை உச்சியைத் தாண்டினோம். இறக்கத்தில் பாரம் ஏற்றிய லாரிகள் முன்னால் போக, கார் சத்தமே இல்லாமல் சொன்னபடி நின்றது, சொன்னபடி வேகம் குறைந்தது. "ரஸ் நல்லாத்தான் பண்ணியிருக்கார்" என்றாள் அக்கா. அப்புறம் வாயைப் பொத்திக்கொண்டாள்.

உள்ளே விடுகிற நேரம் முடிவதற்கு முன்னாலேயே போய்ச் சேர்ந்துவிட்டோம். ஓடிப்போய்க் கண்ணாடித் தடுப்புக்கு முன்னால் நின்றோம். அங்கே இருந்த இளைஞன் டேரனின் பெயரைத் தட்டச்சு செய்தான். மறுபடியும் செய்தான். பிறகு இன்னொருவரைக் கூப்பிட்டுத் திரையைக் காட்டிவிட்டு எங்கள் பக்கம் திரும்பினான்.

"அவர் இங்க இல்லைங்க, மேடம்."

"அடுத்த வாரம்தானே மாத்தறதா சொன்னான்?"

"எந்த நாள்னு கைதிக்கு முன்கூட்டியே சொல்ல மாட்டாங்க. இன்னைக்கு விடியறப்பவே பஸ் கிளம்பிடுச்சு."

"விடியறப்பவா?"

"ஆமாங்க. நீங்க எவ்வளவு சீக்கிரம் வந்திருந்தாலும் பார்த்திருக்க முடியாது."

அவன் ஆறுதலாகத்தான் அதைச் சொன்னான். அக்கா தடுப்பின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பின்னால் ஒரு பெண் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு தன் முறைக்காகக் காத்திருந்தாள். நாங்கள் விலகி வழிவிட்டோம்.

திரும்பும்போது நான் ஓட்டினேன். வழியில் நிறுத்தி சாண்ட்விச் வாங்கினேன். அவள் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. வெளிச்சம் மங்குகிற நேரத்தில் வீட்டுக்கு வந்தோம். ரஸ் வாசலைக் கூட்டிச் சுத்தமாக்கி வைத்துவிட்டுப் படியில் உட்கார்ந்திருந்தார். நான் காரை நிறுத்துகிற சத்தத்தைத் தலையைச் சாய்த்துக் கேட்டார்.

"இறக்கத்துல எப்படி நின்னுச்சு?"

"நல்லா நின்னுச்சு" என்றேன் நான்.

அக்கா இறங்கி வந்து அவருக்கு முன்னால் நின்றாள். "அவனைக் கொண்டு போயிட்டாங்க. காலையிலயே. நீ ஜாக்கி போடறதுக்கு முன்னாடியே."

ரஸ் எங்கே, எப்போது, யார் சொன்னது என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். அவள் ஒவ்வொன்றுக்கும் பதில் சொன்னாள். கேட்பதற்கு ஒன்றும் மிச்சமில்லாமல் போனபோது அவர் எழுந்து, காரின் முன்சக்கரத்துப் பக்கம் போய்க் குனிந்தார்.

"முன்பக்கமும் தேய்ஞ்சுதான் இருக்கு. வர வாரத்துல அதையும் மாத்திடறேன்."

"எதுக்கு?" என்றாள் அக்கா.

கோபமாக அவள் கேட்கவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டதுபோல இருந்தது. ரஸ் சக்கரத்தின் மேல் கையை வைத்தபடி நின்றார். அக்கா உள்ளே போய், முந்தின நாள் செய்துவைத்திருந்த முட்டைக்கோஸ் நூடுல்ஸைச் சூடுபண்ணி மூன்று தட்டில் போட்டாள். நானும் அவளும் உட்கார்ந்தோம். மூன்றாவது தட்டு ஆறிப்போகிறவரைக்கும் அவர் உள்ளே வரவில்லை.