கொழுந்தனுக்கு ஒரு காப்பீடு

"எங்கிட்ட ஒரு நாய் இருக்கு. அதை முதல்லயே சொல்லிடணும்."

"கடிக்குமா?"

"அதெல்லாம் கடிக்காது. கொஞ்சம் பொறாமைப்படும்."

"பரவாயில்ல. பழகிக்கும்."

அவள் வேலை பார்த்த கட்டிடத்தின் லிஃப்டைப் பழுது பார்க்க வந்தவர் அவர். பழுதே இல்லாத நாட்களிலும் ஏதோ ஒரு சாக்கில் வந்துகொண்டிருந்தார். கடைசியில் ஒருநாள் பஸ் நிறுத்தத்துப் பெஞ்சில் உட்கார்ந்து, கல்யாணம் என்று முடிவான பிறகு நடந்த பேச்சு இது. மூன்று வருஷம் ஓடிவிட்டது. அவள் சொன்னபடியே நாய் பழகிக்கொண்டது. மாடிப்படியில் அவள் செருப்புச் சத்தம் கேட்டாலே வாலாட்டும். பழகாமல் போனது அவள்தான்.

அவர் அதைத் 'தம்பி' என்றுதான் கூப்பிடுவார். "உங்களுக்குத் தம்பின்னா எனக்குக் கொழுந்தன்" என்று கல்யாணமான புதிதில் அவள் வேடிக்கையாகச் சொன்னாள். பெயர் ஒட்டிக்கொண்டது. வேடிக்கைதான் எப்போதோ கழன்று விழுந்துவிட்டது.

வேலை முடிந்து வந்ததும் அவர் முதலில் குனிவது கொழுந்தன் முன்னால்தான். "என்னடா, சாப்பிட்டியா? நாள் எப்படிப் போச்சு?" என்று காதைப் பிடித்து ஆட்டிக் கேட்பார். பிறகு நிமிர்ந்து அவளிடம், "கரண்ட் பில் கட்டியாச்சா?" என்பார். முகத்தைக் கழுவிக்கொண்டு, கயிற்றை எடுத்துக்கொண்டு, இரண்டு பேரும் நடக்கக் கிளம்பிவிடுவார்கள். திரும்பி வருகிறபோது இரண்டு பேர் முகத்திலும் ஒரு திருப்தி இருக்கும். அதற்குப் பிறகு அவளுக்குக் கிடைப்பது "ம்", "சரி", "போதும்" மட்டும்.

மனுஷ சக்களத்தி என்றால் தலைமுடியைப் பிடித்தாவது சண்டை போடலாம். நாலு காலும் ஈரக் கண்ணுமாக வந்து நிற்கிற ஒன்றோடு என்னவென்று சண்டை போடுவது?

'நானும் வரட்டுமா' என்று கேட்க அவளுக்குத் தினமும் வாய் வரை வரும். கேட்டு, அவர் "நீ எதுக்கு அலையணும், படுத்து ரெஸ்ட் எடு" என்று சொல்லிவிட்டால்? நாயோடு போட்டிக்கு நின்று தோற்றவள் என்று தனக்குத்தானே ஆகிவிடும். அதனால் கேட்காமலேயே விழுங்கிக்கொள்வாள். கதவு சாத்தும் சத்தம் கேட்டதும், பாவம், பாத்திரங்கள்தான் அடி வாங்கும்.

இப்படி இருக்கையில்தான் ஒருநாள் அவர் நாய் டாக்டர் வீட்டு மேசையிலிருந்து வழவழப்பான ஒரு துண்டுப் பிரசுரத்தைக் கொண்டுவந்து அவளிடம் நீட்டினார். செல்லப் பிராணிகளுக்கான காப்பீடு.

"நல்லதான்னு பார்த்துச் சொல்லேன். தம்பிக்கு அடுத்த மாசத்தோட வயசு தாண்டிடும். அப்புறம் சேர்க்க மாட்டாங்களாம். எனக்கு இதெல்லாம் புரியாது. இது உன் தொழிலாச்சே."

தொழில்தான். மனிதர்களின் ஆஸ்பத்திரிச் செலவுக்கு வருகிற விண்ணப்பங்களைச் சரிபார்த்து, இது தரலாம், இது தரமுடியாது என்று பிரிப்பது அவள் வேலை. அலுவலகத்தில் அவளுக்குக் 'கத்தரி' என்றே பெயர். ஆனால் நியாயமான விண்ணப்பம் எதையும் அவள் வெட்டியதில்லை. வெட்ட வேண்டியதை விட்டதும் இல்லை. அந்தக் கர்வம் அவளுக்கு உண்டு.

மறுநாள் மதியம் சாப்பாட்டு நேரத்தில் அதைப் பிரித்துப் படித்தாள். முதல் பக்கம் முழுக்கச் சலுகைகள். எந்நேரமும் டாக்டரோடு போனில் பேசலாம். வருஷம் ஒருமுறை இலவசக் குளியல், நகம் வெட்டல். காணாமல் போனால் தேடும் விளம்பரச் செலவு. வளர்ப்பவர் ஆஸ்பத்திரியில் படுத்துவிட்டால் நாய்க்கு விடுதி. பிறந்தநாளுக்குப் பரிசுப் பெட்டி.

பிறந்தநாள் என்ற இடத்தில் அவள் கண் நின்றுவிட்டது. போன பிறந்தநாளுக்கு அவர் அவளுக்குக் கொடுத்தது ஒரு டார்ச் லைட். "நல்ல வெளிச்சம், தண்ணி பட்டாலும் ஒண்ணும் ஆகாது" என்று விளக்கம் வேறு சொன்னார். கொழுந்தனுக்குப் பெட்டி, அண்ணிக்கு டார்ச்.

பெருமூச்சு விட்டுவிட்டுத் தொழில்காரியாக மாறினாள். சலுகை எல்லாம் ஜிகினா என்பது அவளுக்குத் தெரியும். குளிப்பாட்டுவது அவரே செய்கிறார், அதுவும் பாட்டுப் பாடிக்கொண்டு. விடுதியில் விட்டால் அது பச்சைத் தண்ணீர் குடிக்காது. பொடி எழுத்தில் இருக்கும் விலக்குகளைத்தான் பார்க்க வேண்டும். பல் கிடையாது. தோல் அலர்ஜி கிடையாது. ஆனால் இடுப்பு, மூட்டு ஆபரேஷன் உண்டு. பெரிய உடம்பு நாய்களுக்கு வயதானால் இடுப்புதான் முதலில் போகும். ஆபரேஷன் என்று வந்தால் குடும்பமே ஆடிப்போகும். அந்த ஒரு வரிக்காகவே சேரலாம். கூடவே ஒரு நிபந்தனை: சேரும் முன்பே அறிகுறி தெரிந்திருந்தால், அந்த உறுப்புக்குப் பணம் இல்லை.

சேரச் சொல்லலாம் என்ற எண்ணத்தோடுதான் அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்தாள். கீழ்த்தளத்துத் தையல் கடை அக்கா வழியில் மறித்தாள்.

"உன் வீட்டுக்காரர் என்னமா கதை சொல்றாரும்மா. லிஃப்டுல பூனையோட மாட்டிக்கிட்ட ஒரு அம்மா, பூனைக்கு மூச்சு முட்டுதுன்னு கதவு இடுக்குல விசிறினாங்களாமே. எனக்குச் சிரிச்சுச் சிரிச்சு ஊசி எங்க விழுந்துதுன்னே தெரியல."

"உங்ககிட்ட சொன்னாரா?"

"எங்கிட்ட எதுக்குச் சொல்றாரு? நாய்கிட்டதான். இங்க வாசல்ல நின்னு ஷூ கயிறு கட்டிக்கிட்டே. நீ இந்தக் கதையைக் கேட்டிருப்பியே."

"ம். கேட்டேன்" என்று பொய் சொன்னாள் அவள்.

படியேறும்போது ஒவ்வொரு படியிலும் வயிறு எரிந்தது. மூன்று வருஷத்தில் ஒரு பூனைக் கதை அவளுக்குக் கிடைத்ததில்லை. ஊருக்கே கேட்கிறது, நாய்க்குக் கேட்கிறது, வீட்டில் இருக்கிறவளுக்கு மட்டும் கரண்ட் பில்.

உள்ளே அவர் கேட்டார். "படிச்சியா? எப்படி இருக்கு?"

"வெத்து வேட்டு. ஒண்ணுத்துக்கும் உதவாது. சேர வேணாம்."

ஏன் என்று கேட்பார், இரண்டு வார்த்தை வாக்குவாதமாவது செய்வார் என்று எதிர்பார்த்தாள். அவர் பிரசுரத்தை நாலாக மடித்துக் குப்பைக் கூடையில் போட்டார். "நீ சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்றார். பிறகு குனிந்து நாயிடம், "அண்ணி வேணாம்னு சொல்லிட்டாங்கடா. அவங்களுக்குத் தெரியாததா?" என்றார்.

அது அவளைப் பார்த்து வாலை ஒருமுறை தரையில் தட்டியது.

அடித்திருந்தால்கூட அவளுக்கு அப்படி வலித்திருக்காது. வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு நியாயமான விண்ணப்பத்தை வெட்டியிருக்கிறாள். அதுவும் எழுதப் படிக்கத் தெரியாத கொழுந்தன் விண்ணப்பத்தை.

விடிந்ததும் அவர் வேலைக்குப் போய்விட்டார். லிஃப்டுகளை ஆட்கள் வருமுன் பார்த்து முடிக்க வேண்டும். அதனால் காலை நேரத்தில் வீட்டில் அவளும் நாயும்தான். அவள் குழம்பைக் கிளறிக்கொண்டே ஓரக்கண்ணால் பார்த்தாள். கொழுந்தன் எழுந்தது. எழுந்த உடனே நடக்கவில்லை. பின்பக்கம் இடது காலைத் தரையில் ஊன்றாமல் ஒரு கணம் தூக்கி வைத்துக்கொண்டு, பிறகு மெல்ல ஊன்றி, நொண்டி நொண்டித் தண்ணீர்க் கிண்ணத்துக்குப் போனது. இரண்டு சுற்று சுற்றியதும் சரியாகிவிட்டது.

இது அவளுக்குப் புதிதல்ல. மழை ஆரம்பித்த நாளிலிருந்து பார்க்கிறாள். அது எந்தக் காதைத் தடவினால் கண்ணை மூடும், எத்தனை வாய் மென்று விழுங்கும் எல்லாமே அவளுக்குத் தெரியும். பாசத்தோடு பார்க்கிறவர்கள் அவ்வப்போது அசந்துவிடுவார்கள். பொறாமைக்காரி கண் இமைக்கமாட்டாள்.

நொண்டுவதை அவள் அவரிடம் சொல்லவில்லை. சொன்னால் அவர் அதைத் தலையில் தூக்கி வைத்துக்கொள்வார், இருக்கிற கொஞ்ச நேரமும் அதற்கே போய்விடும் என்பதுதான் காரணம். இந்தக் காரணத்தை இதுவரை அவள் தனக்கே சொல்லிக்கொண்டதில்லை. இன்று அடுப்படியில் நின்று சொல்லிப் பார்த்தபோது அசிங்கமாக இருந்தது.

குப்பைக் கூடையிலிருந்து பிரசுரத்தை எடுத்து நீவினாள். அவருக்குப் போன் செய்தாள்.

"நேத்து சரியாப் பார்க்கல. இடுப்பு ஆபரேஷனுக்குத் தர்றாங்க. டாக்டர் பார்த்துக் கையெழுத்துப் போடணும். சாயங்காலம் போலாம்."

"நீயும் வர்றியா?" அவர் குரலில் இருந்த ஆச்சரியம் அவளுக்கு என்னவோ போல் இருந்தது.

நாள் முழுக்க மனசு ஊசலாடியது. நொண்டலைச் சொன்னால் இடுப்புக்குப் பணம் போய்விடும், அதற்காகத்தானே சேர்வதே. சொல்லாமல் விட்டால், தன் மேசைக்கு வந்தால் தானே சிவப்பு மையால் அடிக்கிற பொய் அது.

டாக்டர் அம்மாவின் அறையில் நாயை மேசை மேல் ஏற்ற அவருக்கு அவளும் கை கொடுத்தாள். கனத்தது. டாக்டர் கண்ணைப் பார்த்தார், பல்லைப் பார்த்தார், எழுதிக்கொண்டே கேட்டார்.

"நொண்டுறது, எழுந்திருக்கக் கஷ்டப்படுறது ஏதாவது உண்டா?"

"அதெல்லாம் இல்ல டாக்டர். சாயங்காலம் என்கூடக் குதிரை மாதிரி வருவான்" என்றார் கணவர் பெருமையாக.

அவர் பொய் சொல்லவில்லை. சாயங்காலத்து நாயைத்தான் அவருக்குத் தெரியும். காலை நாயைத் தெரிந்தவள் அவள் ஒருத்திதான். டாக்டர் அடுத்த கேள்விக்குப் போய்விட்டார். வாயைத் திறக்காவிட்டால் எல்லாம் சுமுகமாக முடிந்துவிடும். நாய் மேசையில் இடது பக்கம் பாரம் போடாமல், வலது பக்கம் சாய்ந்து நின்றுகொண்டிருந்தது.

"காலையில நொண்டுது டாக்டர்" என்றாள்.

கணவர் திரும்பிப் பார்த்தார்.

"பின்பக்கம் இடது கால். தூங்கி எழுந்ததும் ஊன்றாது. கொஞ்சம் நடந்தா சரியாயிடும். மழை நாள்ல அதிகம். மாடிப்படி இறங்கும்போது ரெண்டு பின்னங்காலையும் சேர்த்துக் குதிக்கும், முயல் மாதிரி."

டாக்டர் பேனாவை வைத்துவிட்டு இடுப்பை அழுத்தினார். அது முனகியது. வலியில் முகத்தைக் கணவர் பக்கம்தான் திருப்பியது. அந்த நேரத்திலும் அவளுக்குச் சுருக்கென்றது.

"இவ்வளவு உன்னிப்பா யாரும் சொன்னதில்லம்மா. நல்லவேளை, ஆரம்பத்துலயே வந்துட்டீங்க. மாத்திரை தரேன். எடை குறையணும். ஓட்டம் வேணாம், மெதுவா நடக்கட்டும். ஆபரேஷன் வரைக்கும் போகாமக்கூட இருக்கலாம்." டாக்டர் விண்ணப்பத்தைத் தொட்டுக் காட்டினார். "ஆனா இதை நான் எழுதித்தான் ஆகணும். எழுதினா இடுப்புக்கு அவங்க தர மாட்டாங்க."

"தெரியும் டாக்டர். நானும் இந்த வேலைதான் செய்றேன்."

தெருவுக்கு வந்தார்கள். அவர் கயிற்றைத் தளர்த்திப் பிடித்துக்கொண்டு, நாயின் நடைக்குத் தன் நடையைக் குறைத்துக்கொண்டார்.

"எப்பலேர்ந்து?" என்றார்.

"மழை ஆரம்பிச்சதுலேர்ந்து."

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"முதல்ல காப்பீட்டைப் பேசி முடிச்சிடறேன்" என்றாள் அவள். அலுவலகக் குரல் வந்தால்தான் அவளுக்கு மூச்சு விட முடியும் போலிருந்தது. "இடுப்பு இல்லன்னா இந்தத் திட்டத்துல மிச்சம் குளியலும் பிறந்தநாள் பெட்டியும்தான். அதுக்கு மாசா மாசம் கட்டுறது வீண். அந்தக் காசை மாத்திரைக்கு வெச்சுக்கலாம். வேணாம். இது நிதானமாப் பார்த்துச் சொல்றது. நேத்து வேணாம்னது வயித்தெரிச்சல்ல சொன்னது."

"வயித்தெரிச்சலா? யார் மேல?"

அவள் குனிந்து கயிற்றின் மறுமுனையைப் பார்த்தாள். அவரும் பார்த்தார். கொஞ்ச நேரம் அவருக்குப் புரியவில்லை. புரிந்ததும் சிரிக்க வாயெடுத்தவர், அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

"பூனைக் கதையைத் தையல் கடை அக்கா சொல்லித் தெரிஞ்சுக்கிட்டேன்" என்றாள். "எனக்கு எதுவுமே சொல்ல மாட்டேங்கறீங்க."

அவர் கயிற்றை மறு கைக்கு மாற்றிக்கொண்டார்.

"கல்யாணமான புதுசுல சொன்னேனே. ஒரு தாத்தா லிஃப்டுல மாட்டிக்கிட்டுப் பாட்டுப் பாடினார்னு. நீ உடனே, எத்தனை மணிக்கு, ஏன் மணி அடிக்கல, அந்த மாடியில ஆளே இல்லையான்னு கேட்டுட்டே இருந்தே. கதை எங்கியோ போயிடுச்சு. தப்பா எதுவும் சொல்லிட்டேனோன்னு பயமாயிடுச்சு. இவன்கிட்டன்னா, கேட்டுக்கிட்டே வருவான். குறுக்கே வெட்ட மாட்டான்."

கத்தரி என்ற பெயர் அலுவலகத்தோடு நிற்கிறது என்று இத்தனை நாள் நினைத்திருந்தாள். கன்னம் சுட்டது. கோபம் இல்லை, வெட்கமும் முழுதாக இல்லை. அந்தத் தாத்தா என்ன பாட்டுப் பாடினார் என்பதுகூடத் தனக்குத் தெரியாது என்பது மட்டும் திடீரென்று பெரிய நஷ்டமாகத் தெரிந்தது.

நாய் நின்றது. அவர்களும் நின்றார்கள். அது மூச்சு வாங்கிக்கொண்டு இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தது. சொல்ல வேண்டியது வழக்கம்போல வாய் வரை வந்தது. விழுங்கப் போனவள், விழுங்கவில்லை.

"இனிமே சாயங்காலம் நடக்கப் போறப்ப," என்றாள், "என்னையும் கூட்டிட்டுப் போங்க."